பெருவெள்ளைச் சுறா: சொல் விளக்கம்

வேலூர் மீன் மார்க்கெட்டில் சுறா என்று கேட்டால், புட்டுக்கு ஏற்ற பால்சுறாவைத்தான் பெரும்பாலும் எடுத்துக் காட்டுவார்கள். சாம்பல் நிறத் தோலும் வெளிறிய வயிறும் கொண்ட அந்தச் சிறு மீனை, பிள்ளை பெற்றவளுக்குப் பால் ஊறும் என்று நம்பி வாங்குவோர் இன்றும் உண்டு. பெருவெள்ளைச் சுறா அதன் வளர்ந்த வடிவம் அன்று. இரண்டும் வெவ்வேறு குடும்பங்களைச் சேர்ந்தவை.

சுறா பழந்தமிழ்ச் சொல். சுறவு, சுறவம் என்றும் வழங்கும்; மகர ராசிக்கும் சுறவம் என்று பெயர். பட்டினப்பாலையில் பரதவர் நட்டு வழிபடும் ‘சினைச் சுறவின் கோடு’ (சுறாவின் கொம்பு), ரம்பம் போல் நீண்ட மூக்குடைய வேளா மீனுக்கே பொருந்துவதால், அக்காலத்தில் இச்சொல் இன்றைவிட விரிந்த பொருளில் வழங்கியதாகக் கொள்ளலாம்.

1758இல் உயிரினங்களை வகைப்படுத்திய சுவீடன் அறிஞர் லின்னேயசு பெருவெள்ளைச் சுறாவுக்குக் கார்க்கரியாஸ் என்று பெயரிட்டார். கார்க்கரோடான் என்ற பேரினப் பெயர் பின்னர் வந்தது. கிரேக்கத்தில் கார்க்கரோஸ் என்றால் கூரியது, ஓடூஸ் என்றால் பல். முக்கோணப் பல்லின் இரு விளிம்பிலும் ரம்ப வெட்டு இருப்பதால் பெயர் பொருத்தமானதே.

வெள்ளை என்ற அடைமொழி வயிற்றுக்கு மட்டுமே உரியது, முதுகு கருஞ்சாம்பல். மேலிருந்து பார்த்தால் இருண்ட கடலோடும், கீழிருந்து பார்த்தால் ஒளிரும் நீர்ப்பரப்போடும் உடல் கலந்துவிடுவதால், தென்னாப்பிரிக்காவின் ஃபால்ஸ் விரிகுடாவில் 2010களின் நடுப்பகுதி வரை இது ஆழத்திலிருந்து செங்குத்தாகப் பாய்ந்து, கடல்நாயைக் கவ்வியபடி நீருக்கு வெளியே எழும்பி வந்தது. தசைகளின் வெப்பத்தை இழக்காமல் காக்கும் குருதிக்குழாய் அமைப்பு உண்டு என்பதால் குளிர்ந்த நீரிலும் இந்த வேகம் குறைவதில்லை.

‘பெரும் வெள்ளைச் சுறா’ என்று எழுதுவது பிழை. வகரத்தின் முன் பெரு என்றே நிற்கும்; பெருவெள்ளம், பெருவழி போல. ‘ஆட்கொல்லிச் சுறா’ என்பதை நான் ஏற்பதில்லை. மனிதன் இதன் வழக்கமான இரை அல்லன், அப்பெயர் அச்சத்தையே வளர்க்கிறது.

கொல்லப்படுவது பெரும்பாலும் சுறாதான். பெண் சுறா முதிர்ச்சி அடைய ஏறத்தாழ 33 ஆண்டுகள் ஆகலாம் என்று வடமேற்கு அட்லாண்டிக் ஆய்வு மதிப்பிட்டதால், குட்டி ஈனும் முன்பே வலையில் சிக்கும் ஒவ்வொன்றும் ஈடுசெய்ய அரிய இழப்பாகிறது. தென்னாப்பிரிக்கா 1991இல் இதைச் சட்டப்படி காத்தது. 2004இல் அருகிவரும் உயிரினங்களின் வணிகத்துக்கான சைட்டிஸ் உடன்படிக்கை இரண்டாம் பட்டியலில் சேர்த்து, பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தியது.