பள்ளிச் சாப்பாட்டை யார் சமைப்பது?

அரசுப் பள்ளியிலும் அரசு உதவி பெறும் பள்ளியிலும் 8ஆம் வகுப்பு வரை மதியச் சாப்பாடு பிள்ளைகளின் உரிமை. 2013ஆம் ஆண்டு தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவிலேயே அது இருக்கிறது. சாப்பாடு போட வேண்டுமா என்று இன்று எந்த அரசும் கேட்க முடியாது. யார் சமைப்பது என்பதில்தான் வழக்குகள் வருகின்றன.

அதே பிரிவு இன்னொன்றும் சொல்கிறது: ஒவ்வொரு பள்ளியிலும் சமைக்க வசதி இருக்க வேண்டும், நகர்ப்புறத்தில் மட்டும், தேவைப்படும் இடத்தில், பல பள்ளிகளுக்குச் சேர்த்துச் சமைக்கும் மையச் சமையலறையைப் பயன்படுத்தலாம். அதாவது பள்ளியில் சமைப்பதுதான் பொது விதி, மையச் சமையலறை விதிவிலக்கு. "பெரிய கிச்சன் வந்தால் சுத்தம், சிக்கனம்" என்று பேச்சு அடிபடும்போது இந்த வரிசையை மறந்துவிடக் கூடாது.

இங்கே பலர் ஒரு விஷயத்தைக் குழப்பிக்கொள்கிறார்கள். "கான்ட்ராக்டருக்குக் கொடுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறதே" என்பார்கள். சொன்னது உண்மை. ஆனால் 2004 அக்டோபர் 7ஆம் தேதியிட்ட அந்த உத்தரவு அங்கன்வாடிச் சத்துணவுக்கானது. ஒப்பந்ததாரர் வேண்டாம், மகளிர் குழுக்களையும் கிராமத்து அமைப்புகளையும் பயன்படுத்துங்கள் என்றது. அதற்குப் பிறகும் மகாராஷ்டிரத்தில் அங்கன்வாடிகளுக்குச் சத்துணவுப் பொருள் வழங்க டெண்டர் விட்டார்கள். சிறு சிறு திட்டப் பகுதிகளைப் பெரிய தொகுதிகளாகக் கட்டி, சாதாரண மகளிர் குழு எட்டவே முடியாதபடி நிபந்தனை போட்டார்கள். குழுக்கள் வழக்குப் போட்டன. 2019இல் உச்ச நீதிமன்றம் டெண்டரை ரத்து செய்தது. பள்ளி மதிய உணவுக்கு இந்தத் தடை அப்படியே பொருந்தாது. அதனால் பள்ளி விஷயத்தில் வழக்குப் போடுகிறவர்கள் 5ஆம் பிரிவையும் திட்ட வழிகாட்டுதல்களையும் கையில் எடுப்பதுதான் சரி.

அடுத்த கேள்வி, அடுப்படியில் நிற்பவர் யார் என்பது. சமையலர், உதவியாளர் வேலையில் தலித் மக்களுக்கும் பழங்குடியினருக்கும் முன்னுரிமை தர வேண்டும் என்று 2004 ஏப்ரல் 20ஆம் தேதி உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, எல்லாப் பிள்ளைகளும் ஒரே கையால் பரிமாறிய சோற்றைத் தின்னட்டும் என்ற நினைப்புக்கு இதைவிட நேரான வழி இல்லை. ஆனாலும் 2018இல் திருப்பூர் மாவட்டம் அவிநாசி அருகே ஒரு பள்ளியில், தலித் பெண் சமைக்கக் கூடாது என்று சிலர் தகராறு செய்ய, அதிகாரிகள் அந்தப் பெண்ணையே இடமாற்றம் செய்தார்கள். எதிர்ப்பு கிளம்பிய பிறகுதான் அது ரத்தானது. உத்தரவு காகிதத்தில் இருந்தால் போதாது, அதிகாரி அதன் பக்கம் நிற்க வேண்டும்.

உத்தரப் பிரதேசத்தின் பஸ்தி மாவட்டத்திலிருந்து வந்த வழக்கை நான் அடிக்கடி நினைத்துக்கொள்கிறேன். ஒரு பெண் அரசுத் தொடக்கப் பள்ளியில் 14 வருஷம் சமைத்தார். சம்பளம் மாதம் 1,000 ரூபாய். அந்தப் பள்ளியில் பிள்ளை படிக்கும் பெண்களுக்கே முன்னுரிமை என்று அரசாணை வர, 2019இல் அவரை வேலையிலிருந்து எடுத்துவிட்டார்கள். வேலைக்காகத்தான் அவர் அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். 2020 டிசம்பரில் வந்த தீர்ப்பு அதையும் தாண்டிப் போனது: 1,000 ரூபாய்க்கு வேலை வாங்குவதே கட்டாய உழைப்பு, அரசியல் சாசனத்தின் 23ஆம் பிரிவுக்கு விரோதம், குறைந்தபட்சக் கூலி கொடுங்கள். மதிப்பூதியம் என்று பெயர் வைத்துவிட்டால் கூலிச் சட்டம் ஒட்டாது என்ற நினைப்புக்கு அது பலத்த அடி. தமிழ்நாட்டுக் காலை உணவுத் திட்டத்திலும் சமைக்கும் சுயஉதவிக் குழுப் பெண்ணின் பிள்ளை அதே பள்ளியில் படிக்க வேண்டும் என்று விதிமுறை இருக்கிறது. தாய் சமைத்தால் அக்கறையோடு சமைப்பார் என்பது நியாயம்தான். பிள்ளை 5ஆம் வகுப்பு முடித்ததும் அந்தத் தாயின் வேலை என்னவாகும் என்பதையும் யோசித்தாக வேண்டும்.

சரி, யாரோ ஒருவர் சமைக்கிறார், இன்று சாப்பாடு வரவில்லை. பெற்றோர் என்ன கேட்கலாம்? 2015ஆம் ஆண்டு மதிய உணவு விதிகளின்படி, தானியமோ எரிபொருளோ இல்லை, சமையலர் வரவில்லை என்ற எந்தக் காரணத்தாலும் சாப்பாடு போடாவிட்டால், பிள்ளைக்கு உணவுப் பாதுகாப்புப் படி உண்டு; தானியமும் பணமும் சேர்ந்தது அது. அடுத்த மாதம் 15ஆம் தேதிக்குள் கொடுத்தாக வேண்டும். மையச் சமையலறை சாப்பாடு அனுப்பாமல் விட்டால் அந்தத் தொகையை அவர்களிடமிருந்தே வசூலிக்கலாம். தொடர்ந்து 3 பள்ளி நாளோ, ஒரு மாதத்தில் 5 நாளோ சாப்பாடு நின்றால், பொறுப்பு யாருடையது என்று தீர்மானிக்க மாநில அரசு நடவடிக்கை எடுக்க வேண்டும்.

இதையெல்லாம் கண்காணிக்கும் வேலை பள்ளி மேலாண்மைக் குழுவுக்குத்தான் விதியில் கொடுத்திருக்கிறார்கள், அதில் பெரும்பாலோர் பெற்றோர். அடுத்த கூட்டத்துக்குப் போகும்போது, சாப்பாடு வராத நாட்களைத் தேதி போட்டு ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள்.