டவர் லைனுக்குக் கீழே டியூப்லைட் ஏன் எரிகிறது?

கேரளத்தில் பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி கேட்கிறார்: "எங்கள் நிலத்துக்கு மேலே 400 கேவி (கிலோவோல்ட்) டவர் லைன் போகிறது. அதற்காகக் காய்க்கிற தென்னைகளை வெட்டினார்கள். ராத்திரி லைனுக்குக் கீழே டியூப்லைட்டைக் கையில் பிடித்தால் ஒயரே இல்லாமல் எரிகிறது. அப்படியென்றால் அந்தக் கரண்ட் எங்கள் பிள்ளைகள் உடம்பிலும் பாயாதா? கேன்சர் வரும் என்கிறார்களே?"

பாயும். எவ்வளவு பாயும் என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

கம்பியில் மின்னழுத்தம் உச்சத்தில், தரையில் சுழியம். இடையிலுள்ள காற்றில் அது இறங்கிக்கொண்டே வருகிறது. கம்பி தாழ்ந்து தொங்கும் இடத்தில், தரையருகே ஒரு மீட்டர் உயரத்துக்கு 5 கிலோவோல்ட் வித்தியாசம் இருக்கலாம். அங்கே நாலடி டியூப் ஒன்றைச் செங்குத்தாகப் பிடித்தால் மேல்முனைக்கும் கீழ்முனைக்கும் கிட்டத்தட்ட 6000 வோல்ட். வீட்டில் எரிந்துகொண்டிருக்கும் டியூப்புக்கு 100 வோல்ட் அளவே போதும். உள்ளே பாதரச ஆவி புறஊதா ஒளியை உமிழ்வது, அது பட்டு உள்பூச்சு வெளிச்சம் தருவது, இதெல்லாம் பள்ளியில் படித்ததுதான்.

எனக்குப் பிடித்த கேள்வி வேறு. ஒயர் இல்லை, சுற்று எங்கே முழுமையாகிறது? கம்பியிலிருந்து எந்த எலக்ட்ரானும் காற்றைத் தாண்டி டியூப்புக்குக் குதித்து வருவதில்லை. கம்பி ஒரு தகடு, தரை இன்னொரு தகடு, நடுவில் காற்று: முழு வயலுமே ஒரு மின்தேக்கி (கெபாசிட்டர்). கம்பியின் அழுத்தம் நொடிக்கு 50 சுழற்சி போடுகிறது. அது நேர்மின்னாகும்போது டியூப்புக்குள்ளும் பிடித்திருப்பவர் உடம்பிலும் உள்ள எலக்ட்ரான்கள் மேலே இழுபடுகின்றன, எதிர்மின்னாகும்போது கீழே தள்ளப்படுகின்றன. எதுவும் எங்கும் போய்ச் சேர்வதில்லை. ஓணத்து வடம்வலியில் (கயிறு இழுக்கும் போட்டியில்) கயிறு அரையடி முன்னும் பின்னுமாக நகர்ந்தாலே உள்ளங்கை சூடாகிவிடுகிறது அல்லவா, அதுபோலத்தான். இந்த அலைச்சலில் எலக்ட்ரான்கள் பாதரச அணுக்களில் மோதுவதே வெளிச்சத்துக்குப் போதும்.

இழை அறுந்து தூக்கிப்போட்ட டியூப்பும் இங்கே எரியும், ஏனென்றால் இழைக்கு வேலையே இல்லை. (கடையில் இப்போதெல்லாம் எல்இடிதான் கிடைக்கிறது. பழைய டியூப்பைப் பரணில்தான் தேட வேண்டும்.) கையை டியூப்பின் நடுவுக்கு நகர்த்திப் பாருங்கள். கைக்கு மேலே உள்ள பகுதி எரியும், கீழே இருட்டாகிவிடும். மேலிருந்து வரும் மின்னோட்டத்துக்கு இப்போது உங்கள் உடம்பே தரைக்குப் போகும் வழி. 2004இல் ரிச்சர்ட் பாக்ஸ் என்ற கலைஞர் இங்கிலாந்தில் பிரிஸ்டலுக்கு அருகே ஒரு டவர் லைனுக்குக் கீழே 1301 டியூப்லைட்டுகளை நட்டு வைத்தார். இருட்டியதும் வயலே ஒளிர்ந்தது.

இனி அளவுக்கு வருவோம். மீட்டருக்கு 5 கிலோவோல்ட் வித்தியாசமுள்ள இந்த மின்புலத்தில் நிற்கும் ஒருவர் உடம்பு வழியாகத் தரைக்குப் போவது ஏறக்குறைய 75 மைக்ரோ ஆம்பியர், அதாவது ஒரு ஆம்பியரில் பத்து லட்சத்தில் 75 பங்கு. சுருக்கென்று உணரவே அதைப்போலப் பல மடங்கு வேண்டும். வீட்டு டியூப் எடுப்பது சுமார் 0.4 ஆம்பியர், அதாவது ஐயாயிரம் மடங்கு. அதனால்தான் லைனுக்குக் கீழே எரிவது பகலில் கண்ணுக்கே தெரிவதில்லை. நம் உடம்பு உப்புத்தண்ணீர் நிறைந்த கடத்தி என்பதால் வெளியே உள்ள மின்புலத்தில் லட்சத்தில் ஒரு பங்கு அளவுதான் உள்ளே இறங்குகிறது. கூரை ஓடும் வீட்டுச் சுவரும் மரமும்கூட அதைத் தடுத்துவிடும்.

உண்மையில் ஷாக் அடிப்பது வேறு இடத்தில். மரக்கம்பங்களில் கட்டிய நீளமான முள்கம்பி வேலியும், ரப்பர் டயரில் நிற்கும் டிராக்டர் டிரெய்லரும் நம்மைவிடப் பெரிய கடத்திகள். அவற்றில் சேரும் மின்னூட்டமும் அதிகம்; தொட்டால் அது நம் வழியாகத் தரைக்கு இறங்கும். வேலியை ஆங்காங்கே எர்த் செய்யுங்கள். லைனுக்குக் கீழே வண்டியை நிறுத்தாதீர்கள்.

கேன்சர் பயம் கிளம்பியது மின்புலத்தால் அல்ல, கம்பியில் ஓடும் கரண்ட் தன்னைச் சுற்றி உண்டாக்கும் காந்தப்புலத்தால். அது சுவரையும் உடம்பையும் தாண்டும். தடுக்கிறோம் என்று செப்புத்தகடும் ஸ்டிக்கரும் விற்பவர்களிடம் ஏமாற வேண்டாம். 50 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 50 சுழற்சி) காந்தப்புலத்துக்கு அவை இருப்பதே தெரியாது.

1979இல் அமெரிக்காவின் டென்வரில் நான்சி வெர்தைமரும் எட் லீப்பரும் மின்கம்பி அருகே வாழும் குழந்தைகளிடம் ரத்தப்புற்றுநோய் அதிகம் என்றார்கள். 2000இல் பல நாட்டு ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தபோது, காந்தப்புலம் சராசரியாக 0.4 மைக்ரோ டெஸ்லாவுக்கு (டெஸ்லா என்பது காந்தப்புலத்தை அளக்கும் அலகு) மேல் உள்ள வீடுகளில் ரத்தப்புற்றுநோய் ஏறக்குறைய இரட்டிப்பாகத் தெரிந்தது. அப்படிப்பட்ட வீட்டுக் குழந்தைகள் நூற்றில் ஒருவர்கூட இல்லை. இதை வைத்துத்தான் 2002இல் உலகச் சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு இந்தப் புலத்தை "2பி", அதாவது ஒருவேளை காரணமாக இருக்கலாம் என்ற பட்டியலில் சேர்த்தது. ஆசிய ஊறுகாய்களும் அதே பட்டியலில்தான்.

பிரிட்டனில் நடந்ததுதான் எனக்குச் சுவையானது. 2005இல் வந்த ஆய்வு, லைனிலிருந்து 600 மீட்டர் வரை ஆபத்து தெரிவதாகச் சொன்னது. அவ்வளவு தூரத்தில் லைனின் காந்தப்புலம் வீட்டு ஒயரிங்கின் புலத்துக்குள் கரைந்துவிடும். 2014இல் கூடுதல் ஆண்டுகளைச் சேர்த்துப் பார்த்தபோது, 1960களிலும் 70களிலும் இருந்த தொடர்பு பிற்பாடு மறைந்திருந்தது. லைனில் கரண்ட் குறையவில்லையே! அப்படியானால் காரணம் புலமல்ல, அந்தக் காலத்தில் லைனோரம் யார் குடியிருந்தார்கள் என்பதில் இருக்கக்கூடும் என்றே நினைக்கிறேன். வேதிப்பிணைப்பை உடைக்கும் ஆற்றலும் 50 ஹெர்ட்ஸ் அலைக்குக் கிடையாது.

ஆனாலும் "ஒன்றும் ஆகாது, போங்கள்" என்று அதிகாரிகள் சொல்லும்போது எரிச்சல் வருகிறது. வெட்டிய தென்னைக்கும், விலை விழுந்த நிலத்துக்கும் முறையான பணம் கிடைத்திருந்தால் இந்தப் பேச்சில் பாதி எழுந்திருக்காது. காந்தப்புலம் அளக்கும் மீட்டர் ஒன்றும் ராக்கெட் விலை இல்லை. வீட்டு வாசலில் அளந்து, எண்ணைப் பஞ்சாயத்துப் பலகையில் எழுதிப் போட என்ன தயக்கம்?

இன்னொன்றையும் அந்த விவசாயி கேட்டிருந்தார்: 2021இல் திறந்த, தமிழ்நாட்டுப் புகளூரிலிருந்து வரும் புகளூர்–திருச்சூர் லைனும் இப்படித்தானா? அது 320 கிலோவோல்ட் நேர்மின்சாரம் (டிசி). அழுத்தம் முன்னும் பின்னும் மாறாததால் மேலே சொன்ன எலக்ட்ரான் அலைச்சலே அங்கே இல்லை. டியூப்பைப் பிடித்தால் தொடர்ந்து எரியாது. அதன் காந்தப்புலமும் பூமியின் காந்தப்புலம்போல் நிலையானது. பாலக்காடு மாவட்டத்து வடக்கஞ்சேரிக்கு அப்பால் அது மண்ணுக்கடியில் கேபிளாகப் போகிறது. கேபிளின் உலோக உறை எர்த் செய்யப்பட்டிருப்பதால் அங்கே வெளியில் மின்புலமும் கிடையாது.