பரீட்சார்த்தமா, சோதனையா, தேடலா?

இலங்கையின் வடக்கே வன்னியில் நம்பிக்கையையும் தெய்வத்தையும் பற்றி யாராவது கதையில்லாக் குறும்படம் ஒன்றை எடுத்துவிட்டால் போதும், அழைப்பிதழில் ‘பரீட்சார்த்தக் குறும்படம்’ என்று அச்சடித்துவிடுகிறார்கள். பரீட்சார்த்தி என்றால் இங்கே பரீட்சை எழுதும் மாணவர். சாதாரண தரப் பரீட்சைக்கு வழிகாட்டும் படமென்று நம்பிப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வருபவரைக் குறைசொல்ல முடியாது.

மூலச்சொல் ‘எக்ஸ்பெரிமென்டல்’, ‘முயன்று பார்’ என்ற லத்தீன் வினையில் பிறந்தது. கதை சொல்வதை விட்டு, ஒளியையும் ஒலியையும் காலத்தையும் கையாண்டு பார்க்கும் படம் என்பது பொருள். வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோயிலில் கடல்நீரில் எரியும் விளக்கை மட்டும் பத்து நிமிடம் காட்டினால் அது இந்த வகை.

‘சோதனைக் குறும்படம்’ எளிமையானது என்று வாதாடுவோர் உண்டு. எனக்கு இதுதான் கூடுதல் எரிச்சல். கோயில் வாசலில் சோதனை என்றால் ஆண்டவன் தரும் துன்பம். மடு மாதா கோயிலுக்குப் போகிறவர் சோதனையில் விழவிடாதேயும் என்று செபிக்கிறவர். அதையும் விடுங்கள், ஏ9 வீதியில் ஓமந்தைச் சோதனைச்சாவடியில் பையை அவிழ்த்துக் காட்டி வெயிலில் நின்ற சனத்திடம் தெய்வத்தைப் பற்றிய படத்துக்கு இந்தச் சொல்லையா நீட்டுவது? தவிர, சோதனை என்றால் முடிவு அறிவிக்க வேண்டும். இந்த வகைப் படங்களின் முன்னோடியான அமெரிக்க இயக்குநர் மாயா டெரன் 1947இல் ஹெயிட்டிக்குப் போய் அங்குள்ள வூடூ மதத்தின் சடங்கு நடனங்களைப் படம்பிடித்தார். 1953இல் அதைப் பற்றி அவர் எழுதிய நூல் வந்தது. படத்தைத் தொகுத்து முடிக்காமலே 1961இல் இறந்துபோனார். சோதனையாகக் கணக்கிட்டால் அது தோல்வி. தேடலாகப் பார்த்தால் அப்படிச் சொல்ல வாய் வராது.

ஆகவே ‘தேடற் குறும்படம்’ என்பேன். ‘முயல்படம்’ என்று தனித்தமிழாக்கலாம். ஆனால் காதில் விழுவது காட்டு முயல். தேடலுக்கோ ‘தேடிக் கண்டுகொண்டேன்’ என்ற அப்பரும் சாட்சி, ‘தேடுங்கள், கண்டடைவீர்கள்’ என்ற விவிலியமும் சாட்சி. தேடுதல் என்றதும் இராணுவச் சுற்றிவளைப்பு நினைவுக்கு வராதா என்று கேட்கலாம். வரும். ஆனால் அது தேடுதல், தேடல் வேறு. இரண்டையும் வழக்கே பிரித்து வைத்திருக்கிறது. வடிவத்தில் செய்யும் துணிச்சலை இச்சொல் முழுதாகக் காட்டாது என்பது உண்மைதான். பரீட்சார்த்தம் மட்டும் காட்டிவிட்டதா?

நம் மொழிபெயர்ப்பாளர்கள் அகராதியைத் திறக்கிறார்கள், ஊரில் யார் எதை எப்படிச் சொல்கிறார்கள் என்று கேட்பதில்லை. தெய்வீகம் பழசாகிவிட்டதென்று இப்போது ‘இறைமையைத் தேடும் குறும்படம்’ என்றும் எழுதத் தொடங்கியிருக்கிறார்கள். இலங்கையில் இறைமை என்பது அரசியலமைப்பின் 3ஆம் உறுப்புரையில் இருக்கும் ஆட்சி அதிகாரம். தெய்வம் என்று எழுதக் கை கூசுகிறதா?