'நிரந்தர உறைபனி' அன்று, உறைநிலம்

அலாஸ்காவின் எண்ணெய் வயல்களைப் பற்றித் தமிழில் செய்தி வரும்போதெல்லாம் 'நிரந்தர உறைபனி உருகுகிறது' என்ற தொடரும் கூடவே வந்துவிடுகிறது. அத்தொடரின் மூன்று சொற்களும் பிழையானவை.

'நிரந்தர உறைபனி' என்று பெயர்க்கப்படும் பெர்மாஃப்ராஸ்ட் என்ற ஆங்கிலச் சொல், 'நிலையாக உறைந்த நிலம்' என்பதன் சுருக்கமாக, சைமன் முல்லர் என்ற நிலவியலாளர் 1943-இல் புனைந்தது. தொடர்ந்து ஈராண்டுகளேனும் சுழியம் பாகை செல்சியசிலோ அதற்குக் கீழோ இருக்கும் மண் அல்லது பாறை என்பதே வரையறை. அதில் நீர் இருந்தாக வேண்டும் என்ற கட்டாயம்கூட இல்லை.

உறைபனியோ, மார்கழி, தை மாதங்களில் உதகைப் புல்வெளிமீது வெள்ளையாகப் படர்ந்து, வெயில் ஏறியதும் காணாமற் போவது. விடிந்தால் மறையும் ஒன்றுக்கு 'நிரந்தர' என்று அடை கொடுப்பது முரண். 'நிலைபனி' என்று திருத்துவோர் வடசொல்லை மட்டும் நீக்கிவிட்டுப் பிழையை அப்படியே வைத்துக்கொள்கிறார்கள். பனி என்றதும் படிப்பவர் பனிப்பாறையை நினைக்கிறார். காலடி மண் அவர் நினைவுக்கு வருவதேயில்லை. அலாஸ்காவில் ப்ரூடோ விரிகுடாவிலிருந்து வால்டீஸ் துறைமுகம் வரை 1977 முதல் எண்ணெய் கொண்டுசெல்லும் ஏறத்தாழ 1,287 கிலோமீட்டர் குழாயில் பாதிக்கு மேற்பட்ட நீளம் ஏன் தூண்கள்மீது நிற்கிறது என்பது அவருக்கு எப்படி விளங்கும்? சூடான கச்சா எண்ணெய்க் குழாயைப் புதைத்தால் சுற்றியுள்ள மண் இளகி, குழாய் அமிழ்ந்து வளைந்துவிடும்.

'உருகுகிறது' என்பதும் அப்படித்தான். குளிர்பெட்டியிலிருந்து எடுத்த இறைச்சி உருகுவதில்லை, இளகுகிறது, மண்ணும் அவ்வாறே. அலாஸ்காவின் வடகரையில் இன்யூபியாக் மக்கள் திமிங்கில இறைச்சியைச் சேமிக்கத் தோண்டிய நிலவறைகளில் சில இன்று நீர் கசிந்து பயனற்றுப் போவது, சுவரும் தரையுமாக இருந்த மண் இளகுவதால்தான். 2023-இல் ஒப்புதல் பெற்ற வில்லோ எண்ணெய்த் திட்டத்திலோ, தளத்தின் அடிமண் இளகாமலிருக்கக் குளிர்விப்பான்களை நடத் திட்டமிட்டார்கள். எரித்தால் புவியைச் சூடாக்கும் எண்ணெயை எடுப்பதற்கு இந்த ஏற்பாடு!

ஆகவே 'உறைநிலம்' என்பதே என் தெரிவு. இது வினைத்தொகை, எக்காலத்தையும் சுட்டாததால் 'நிரந்தரம்' என்ற பொய் நுழைய இடமில்லை. 'உறைமண்' என்றால் பாறை விடுபட்டுவிடும். குளிர்காலத்தில் மட்டும் உறைவதும் உறைநிலந்தானே என்று கேட்பவர்கள் அதனைப் 'பருவ உறைநிலம்' என்று பிரித்துக்கொள்ளலாம். உறைநிலத்தின்மேல் கோடைதோறும் இளகும் மண்ணைச் 'செயல்படும் அடுக்கு' என்று பெயர்க்கும் வழக்கத்தையும் கைவிட வேண்டும். அது என்ன செயலைச் செய்கிறது என்று எந்த வாசகருக்கும் புரியாது. அந்த அடுக்கு சேறாகிவிடுவதால்தான் கனரக வண்டிகள் குளிர்காலத்துப் பனிச்சாலைகளுக்காகக் காத்திருக்கின்றன. 'இளகடுக்கு' என்றால் போதும்.