எக்ஸ்டெண்டட் கட்: வெட்டியும் நீளும் படம்

'கட்' என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது நீக்கம்தான். தணிக்கையில் பத்து கட் என்றால் பத்து இடத்தில் படம் போயிற்று என்று பொருள். அப்படியிருக்க, கூடுதல் நேரம் ஓடும் ஒரு ஜாம்பி படத்தை 'எக்ஸ்டெண்டட் கட்' என்றால் குழப்பம் வராமல் என்ன செய்யும்? நீட்டிய வெட்டா?

சொல் பிறந்த இடம் படத்தொகுப்பு மேசை. 35 மி.மீ. படச்சுருளில் ஒரு நிமிடக் காட்சி 90 அடி நீளம். தொகுப்பாளர் அதை வெட்டி, வேண்டியதை மட்டும் ஒட்டிக் கோவையாக்குவார். வெட்டும் வேலைக்கு இருந்த பெயர், அப்புறம் அந்த வேலையில் கிடைத்த படத்துக்கே ஆகிவந்தது. தமிழில் தொழிலாகுபெயர் என்போமே, அதேதான். தொகுக்கும் செயலும் 'தொகுப்பு', தொகுத்து முடித்த நூலும் 'தொகுப்பு' இல்லையா?

ஆக, 'தியேட்ரிகல் கட்' என்பது திரையரங்கில் ஓடிய வடிவம். 2013இல் வந்த 'வேர்ல்டு வார் இசட்' அரங்கில் 116 நிமிடம். பிறகு வீட்டில் பார்க்க வந்த நீள வடிவம் 123. பழைய சுருள் கணக்கில் 630 அடி கூடுதல். அதற்காகக் கதை ஒன்றும் மாறிவிடவில்லை. சிறுவர்களும் பார்க்கும்படி அரங்கில் அடக்கி வாசித்த ரத்தமும் அடிதடியும் திரும்பி வந்தன, அவ்வளவுதான்.

நீளமானதுதான் இயக்குநர் மனத்தில் இருந்தது என்று நினைப்பதும் தப்பு. 1978இன் 'டான் ஆஃப் தி டெட்' படத்துக்கு, கான் திரைப்பட விழாவுக்குக் கொண்டுபோன 139 நிமிட வடிவமும் உண்டு, அமெரிக்க அரங்குகளில் ஓடிய 127 நிமிட வடிவமும் உண்டு. இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோவுக்குப் பிடித்தது 127தான். ஆனால் 'டைரக்டர்ஸ் கட்', அதாவது இயக்குநரின் வடிவம், என்ற பெயரில் விற்பனைக்கு வந்தது நீளமானது!

சரி, தமிழில் என்ன சொல்லலாம்? 'நீட்டிக்கப்பட்ட பதிப்பு' என்று எழுதுகிறார்கள். எனக்கு அது இழுவையைத்தான் நினைவூட்டுகிறது. தொல்காப்பிய மரபியல், முதல்நூலை ஒட்டி எழுதும் வழிநூலின் வகைகளாகத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்த்தல் என நான்கைச் சொல்கிறது. அந்த 'விரித்தல்' கையிலேயே இருக்கும்போது 'விரிபதிப்பு' போதுமே. அதற்கு இணையாகத் 'திரையரங்கப் பதிப்பு'. 'இடைச்செருகல்' மட்டும் வேண்டாம். அது பின்னால் வந்த வேறொருவர் நுழைத்தது. இங்கே சேர்வது படக்குழுவே எடுத்து ஒதுக்கிவைத்த காட்சி.