ஏறினால் போதும் என்று கிரீஸ் நிப்பிள் மாட்டாதீர்கள்

நிபோங் திபால் பக்கத்துச் செம்பனைத் தோட்டத்திலிருந்து இந்த மாதமும் ஒரு மினி டிராக்டர் பட்டறைக்கு வந்தது. கிரீஸ் போகாமல் லோடர் மூட்டில் இருக்கும் பின் (இரும்பு முளை) தேய்ந்து, அதைச் சுற்றியிருக்கும் புஷ் என்ற வளையம் ஓவலாகிவிட்டது. கிரீஸ் கன்னை மாட்டி கிரீஸ் ஏற்றுகிற சின்ன முனைதான் நிப்பிள்; அதைக் கழற்றினால் மரையில் வெள்ளை டேப் கட்டுக்கட்டாகச் சுற்றியிருக்கிறது. ஓரிரு ரிங்கிட் சாமான். இப்போது பின், புஷ், லேத் கூலி.

“ஏறுச்சு அண்ணே, அதான் போட்டேன்.”

இதைக் கேட்டால்தான் எனக்கு எரிகிறது. ஏறுவது வேறு, பொருந்துவது வேறு. எம்10, அதாவது 10 மி.மீ. மெட்ரிக் நிப்பிளில் மரைக்கு மரை இடைவெளி 1 மி.மீ. ‘எட்டில் ஒன்று பிஎஸ்பி’ என்ற பிரிட்டிஷ் குழாய் மரை 9.7 மி.மீ. தடிமன், அங்குலத்துக்கு 28 மரை, அதாவது இடைவெளி சுமார் 0.9 மி.மீ. பார்த்தால் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். அமெரிக்க மெஷின்களில் வரும் ‘எட்டில் ஒன்று என்பிடி’ என்ற அமெரிக்கக் குழாய் மரையில் அங்குலத்துக்கு 27 மரை, மரையின் கோணமும் வேறு. எதை எதில் விட்டாலும் முதல் இரண்டு மூன்று சுற்று ஏறும், அப்புறம் இறுகும். நல்லா பிடிச்சிடுச்சு என்று ஸ்பேனரை இன்னும் அழுத்துவீர்கள். உள்ளே மரை நசுங்குகிறது, அவ்வளவுதான். எம்6-ஐக் கால் அங்குலத் துளையில் போட்டாலோ ஆடிக்கொண்டே நிற்கும். கிரீஸ் கன்னை அழுத்தியதும் தெறித்துவிடும். டேப் சுற்றினால் நசுங்கிய மரை திரும்பி வராது.

டிராக்டர் ஜப்பான் என்றால் எல்லா நிப்பிளும் ஜப்பான் அளவு என்று முடிவு கட்டவும் வேண்டாம். பின்னால் மாட்டியிருக்கும் ரோட்டரி (மண் கிளறும் கருவி) எந்த நாட்டுச் சாமானோ! கடைக்குப் போகும்போது பழைய நிப்பிளைக் கையோடு கொண்டுபோங்கள். மரை இடைவெளியை அளக்கும் கேஜ் வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். நேர், 45, 90 டிகிரி என்பதைக் கன் எட்டுகிற பக்கம் பார்த்து எடுங்கள். டிராக்டரிலிருந்து கருவிக்குச் சுழற்சி கொடுக்கும் பிடிஓ ஷாஃப்ட்டில் உயரமான நிப்பிள் வேண்டாம், சுற்றும்போது கவசத்தில் இடிக்கும். மூட்டு இணைப்பை அசைத்துப் பார்த்தும் கிரீஸ் இறங்கவில்லையா? நிப்பிளை மாற்றுங்கள், கன்னோடு மல்லுக்கட்டாதீர்கள்.

தயவுசெய்து இதை மட்டும் கேளுங்கள். எஞ்சினை நிறுத்தி, சாவியை எடுத்த பிறகுதான் கன்னைத் தொடுங்கள். அழுத்தத்தில் பீறிட்ட கிரீஸ் விரலில் ஏறினால், ஊசி குத்தின அளவு துளைதானே, வலிக்கவில்லையே என்று தைலம் தடவிக்கொண்டு வீட்டில் உட்காராதீர்கள். அன்றைக்கே, அப்போதே மருத்துவமனைக்குப் போங்கள். கிரீஸ் கன் அழுத்தத்தில் ஏறியது என்று டாக்டரிடம் தெளிவாகச் சொல்லுங்கள். தாமதித்தால் விரலையே எடுக்க வேண்டி வரலாம்.