பார்க்க ஆளில்லாமலே பார்க்கப்பட்ட மூலக்கூறு

"எலெக்ட்ரானைப் பார்த்தால் துகளாகவும் பார்க்காவிட்டால் அலையாகவும் நடந்துகொள்கிறதாமே, அப்படியானால் நம் மனம்தான் உலகை உருவாக்குகிறதா?" என்று கல்லூரி மாணவி ஒருவர் கேட்டு எழுதியிருந்தார். அவர் உடன் அனுப்பிய காணொளியில், இதையே ஆதாரமாகக் காட்டி, நினைத்ததை நடத்திக்கொள்ளும் வார இறுதிப் பயிற்சிக்கு ஆள் சேர்த்துக்கொண்டிருந்தார்கள். பயிற்சியை விட்டுவிடுவோம், கேள்விக்கு மதிப்புமிக்க பூர்வீகம் உண்டு.

அளவிடும் கருவியும் அணுக்களால் ஆனதுதானே, அதற்கும் குவாண்டம் விதிகள் (அணு அளவிலான பொருள்களின் நடத்தையைச் சொல்பவை) பொருந்த வேண்டாமா என்ற சிக்கலைக் கணிதவியலாளர் ஜான் வான் நாய்மன் 1932இல் கணித மொழியில் எழுதிவைத்தார். கருவி, அதைப் பார்க்கும் கண், கண்ணுக்குப் பின்னால் மூளை என்று எல்லைக்கோட்டைத் தள்ளிக்கொண்டே போகலாம். அந்தச் சங்கிலியின் கடைசிக் கண்ணியாக உணர்வுநிலையை 1961இல் வைத்தவர் இயற்பியலாளர் யூஜின் விக்னர். பல சாத்தியங்களாகப் பரவிக் கிடக்கும் நிலை, ஒரு மனம் அதை அறியும்போதுதான் ஒன்றாகச் சுருங்குகிறது என்றார். இரண்டே ஆண்டுகளில் (வேறு பணிக்காக) நோபல் பரிசு பெற்றவர் சொன்னது என்பதால், அதை எளிதில் ஒதுக்கிவிட யாருக்கும் மனம் வரவில்லை.

இரட்டைப் பிளவுச் சோதனையைப் பள்ளியிலேயே படித்திருப்பீர்கள். இரு பிளவுகள் வழியாகவும் செல்லும் அலை தன்னோடு தானே குறுக்கிட்டு வரிவரியான அமைப்பைத் தருகிறது. எந்தப் பிளவு வழியாகச் சென்றது என்று கண்டறிந்தால் வரிகள் மறைகின்றன. இந்தக் 'கண்டறிவது' யார் என்பதில்தான் எல்லாக் குழப்பமும் இருக்கிறது. அதைத் தெளிவாக்க, எனக்கு மிகவும் பிடித்த ஒரு சோதனையைச் சொல்கிறேன்.

வியன்னாப் பல்கலைக்கழகத்தில் ஆன்டன் ஸைலிங்கரும் மார்க்கஸ் ஆர்ன்ட்டும் அடங்கிய குழுவினர், 60 கார்பன் அணுக்கள் கொண்ட, கால்பந்து வடிவிலான ஃபுல்லரீன் மூலக்கூறும் அலையாகக் குறுக்கிடும் என்பதை 1999இல் காட்டினார்கள். 2004இல் 70 கார்பன் அணுக்கள் கொண்ட மூலக்கூற்றை எடுத்துக்கொண்டு, அதை வழியிலேயே சூடாக்கினார்கள். வெற்றிடக் குழாயில் பறந்துவரும் மூலக்கூறுகள் முதலில் லேசர் கற்றைகளைக் கடந்து, பிறகு ஏறத்தாழ ஒரு மைக்ரோமீட்டர் இடைவெளியில் பிளவுகள் அமைந்த தங்கக் கீற்றணிகளுக்குள் நுழைகின்றன. லேசரின் திறனைக் கூட்டக்கூட மூலக்கூறு கூடுதல் ஒளியை விழுங்கிக் கொதிக்கிறது.

கொல்லன் உலையில் காய்ந்த இரும்பு ஒளிர்வதைப் போல, சூடான மூலக்கூறும் ஒளித்துகள்களை உமிழும். சூடு குறைவாக இருக்கும்போது வெளிவருவது நீண்ட அலைநீளமுள்ள அகச்சிவப்பு ஒளி. அது எங்கிருந்து கிளம்பியது என்பதை ஒரு மைக்ரோமீட்டர் துல்லியத்தில் சொல்ல இயலாது. உலக்கையால் துழாவி ஊசி கிடக்கும் இடத்தைக் கண்டுபிடிக்க முடியாதல்லவா? அதனால் வரிகள் அப்படியே நின்றன. வெப்பநிலை 3,000 கெல்வினை நெருங்கும்போதோ உமிழப்படும் ஒளித்துகள்கள் எண்ணிக்கையில் பெருகுகின்றன, அவற்றின் அலைநீளமும் சுருங்குகிறது. அந்த வெப்பநிலையில் ஒரு சாதாரணப் பொருளின் ஒளி உச்சம் பெறும் அலைநீளம், வெப்பநிலையையும் உச்ச அலைநீளத்தையும் இணைக்கும் வீனின் விதிப்படி, கிட்டத்தட்ட ஒரு மைக்ரோமீட்டர். அதாவது கீற்றணியின் இடைவெளி அளவேதான்! மூலக்கூறு எந்தப் பாதையில் இருந்தது என்ற செய்தி இப்போது ஒளியில் ஏறிக் குழாயின் சுவரை நோக்கிப் போய்விடுகிறது. வரிகள் மெல்ல மங்கி, முற்றிலும் மறைந்தன; மங்கிய வேகமும் கணக்கிட்டபடியே இருந்தது.

அந்த ஒளித்துகள்களைப் பிடிக்க அங்கே கருவி எதையும் வைக்கவில்லை. அவற்றை யாரும் பார்க்கவுமில்லை, பிற்பாடு பார்க்கும் எண்ணமும் இல்லை. மூலக்கூறு தன் இருப்பிடத்தைச் சுற்றுப்புறத்திடம் உளறிவிட்டது, அவ்வளவே. இரு பாதைகளின் அலைகளுக்கிடையே இருந்த கட்ட ஒழுங்கு, அதாவது அவற்றின் ஏற்ற இறக்கங்களுக்கிடையே உள்ள பொருத்தம், இப்படிச் சூழலுக்குள் கசிந்து கரைவதை 'ஓரியல்பு குலைவு' (decoherence) என்பார்கள். இந்தச் சிந்தனைக்கு 1970இல் வித்திட்டவர் ஜெர்மானிய இயற்பியலாளர் டீட்டர் ட்ஸே. அவருடைய ஆய்வின் தாக்கத்தால் விக்னரே பிற்காலத்தில் தம் உணர்வுநிலைக் கருத்தைக் கைவிட்டார் என்பதைப் பயிற்சி நடத்துபவர்கள் சொல்வதில்லை.

மனத்தால் பொருளை மாற்ற முடியுமா என்பதை நேரடியாகச் சோதித்தும் பார்த்திருக்கிறார்கள். பிரின்ஸ்டனில் 1979இல் தொடங்கிய ஓர் ஆய்வகம், தற்செயல் எண் கருவிகளை மனிதர்களின் எண்ணம் சாய்க்குமா என்று தனியார் நன்கொடையில் பல ஆண்டுகள் தேடியது. அதன் முடிவுகளைப் பிறரோடு சேர்ந்து மீண்டும் நிறுவ முயன்றபோது கைகூடவில்லை, 2007இல் மூடப்பட்டது. அப்படி ஒரு தேடலுக்குப் பணம் கொடுத்ததை நான் குறை சொல்லமாட்டேன், ஏனென்றால் அவர்கள் சோதித்தாவது பார்த்தார்கள். சோதிக்காமலே கட்டணம் வாங்குவதுதான் எனக்கு எரிச்சலூட்டுகிறது.

இருந்தாலும் அந்த மாணவியின் கேள்வியில் ஒரு பகுதி இன்னும் உயிரோடுதான் இருக்கிறது. வரிகள் ஏன் மறைகின்றன என்பதை ஓரியல்பு குலைவு விளக்கிவிடுகிறது. எஞ்சிய சாத்தியங்களில் இது நிகழாமல் அது ஏன் நிகழ்ந்தது என்பதை அது விளக்குவதில்லை. எல்லாமே தனித்தனி உலகங்களில் நிகழ்கின்றன என்போரும், எல்லாச் சாத்தியங்களையும் தாங்கிய அலையின் கணித வடிவமான அலைச்சார்பு தானாகவே அவ்வப்போது சுருங்குகிறது என்போரும் அங்கேதான் இன்றைக்கும் வாதாடிக்கொண்டிருக்கிறார்கள்.